கழற்றாத மாலை

காஜா பேராங் சாலையில் கலியாணசுந்தரத்தின் வீட்டு முன்கூடத்துக்கு மட்டும் சுதந்திரம் இன்னும் வந்து சேரவில்லை. மற்ற இடங்களுக்கெல்லாம் அது ஐம்பத்தேழு ஆகஸ்ட் முப்பத்தொன்றாம் தேதி காலையிலேயே வந்துவிட்டது. புக்கிட் பாருவுக்கு வந்தது, செமாபோக்குக்கு வந்தது, கொஞ்சம் தூறலோடு புக்கிட் ரம்பாய்க்கும் வந்தது. அந்தக் கூடத்தில் மட்டும் இன்றும் முப்பதாம் தேதி வெள்ளிக்கிழமை, பிற்பகல். இது பூக்கட்டும் விஜயாவின் வேலை என்று ஊருக்குத் தெரியும். அவளும் மறுத்ததில்லை.

ஜப்பான்காரன் போன மறு வருஷம் விஜயாவுக்கும் கலியாணசுந்தரத்துக்கும் கோயிலில் கல்யாணம். பெண் வீட்டார் புக்கிட் ரம்பாயிலிருந்து ஏறிவந்த லாரி ஊர் தாண்டியதும் நின்றுபோனது. தள்ளிக்கொண்டு வந்து சேர்த்து, மூச்சு வாங்க அவளை மனையில் உட்கார வைத்தார்கள். இன்னும் நேரம் இருக்கிறது என்றார் குருக்கள். மாப்பிள்ளை கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "முகூர்த்தம் தாண்டிப் போச்சு" என்றார். கழுத்து மாலையைக் கழற்றி மனைமேல் வைத்துவிட்டு எழுந்து போனார். அடுத்த மாதமே, லாரிகள் வைத்திருந்தவரின் மகள் சீதாவுக்கு நட்ட நடு ராகு காலத்தில் தாலி கட்டினார். அன்று அவர் கையில் கடிகாரம் இல்லை. விஜயாவின் அப்பா படுத்தவர் எழவில்லை. ஊரில் வேறு விஜயாக்களும் இருந்ததால் இவளை 'முகூர்த்தம் தாண்டின விஜயா' என்றார்கள். அதில் கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை, மூலைக்கடை என்று அடையாளம் சொல்வதைப் போலத்தான். அந்த அடையாளத்தோடுதான் அவள் மார்க்கெட் வாசலில் பூக்கடை போட்டாள்.

மெர்டேக்கா என்கிற அந்தச் சுதந்திரம் வரப்போகிற வருஷம், ஆழ்கடலில் வழி தவறிய உயிர் ஒன்று மார்க்கெட் மீன்காரர் ஷம்சுதீனின் பலகைக்கு வந்தது. முழங்கை நீளம், கண் இருக்க வேண்டிய இடத்தில் பால் நிறத்தில் இரண்டு பொட்டு, தொண்டைக்குள் எரிந்து அணைகிற ஒரு வெளிச்சம். பக்கத்தில் வைத்த ஐஸ் கரையவில்லை. திருட வந்த பூனை தூக்கிய காலோடு அப்படியே நின்றது, அதைச் சுற்றிக்கொண்டுதான் ஜனங்கள் கெம்போங் மீன் வாங்கிப் போனார்கள். மலாய்க்காரர்கள் அதற்கு இக்கான் லம்பாட், தாமத மீன், என்று பேர் வைத்தார்கள். விலை கேட்டவர் யாருமில்லை.

"அதுங்க இருக்கிற ஆழத்துல பகலும் இல்ல, ராவும் இல்ல, தங்கச்சி" என்றார் ஷம்சுதீன். "தேவையான நேரத்த அதுங்களே செஞ்சிக்கும். இரைய வாயில கவ்வினாலும் இரைக்குத் தெரியாது. இன்னும் மாட்டாத நேரத்துலயே அது ஜாலியா நீந்திக்கிட்டு இருக்கும்."

விஜயா அதைக் கேட்டு வாங்கிப்போய்த் தண்ணீர்த் தாழியில் விட்டாள். தாழித் தண்ணீர் தெளித்த மல்லிகை வாடவில்லை. தெளித்த சரத்தைத் தலையில் வைத்த பக்கத்துக் கடை அஞ்சலை, அதை எடுக்கும்வரை ஒரே வாடிக்கையாளருக்கு ஒரே வெற்றிலையை மடித்துக்கொண்டே இருந்தாள். எடுத்ததும் சரியாகிவிட்டாள். விஜயாவுக்கு அவ்வளவு போதும்.

கலியாணசுந்தரம் அப்போது ஒரு சங்கத்தின் தலைவர். அந்தச் சங்கத்தில் அவரைத் தவிர அவர் மைத்துனர் மட்டும் இருந்தார். சுதந்திர தினத்தன்று பாடாங் திடலில் பேசுவதற்கு மூன்று மொழிகளில் உரை தயாராயிருந்தது. பேசச் சொல்லி யாரும் அழைக்கவில்லை. அழைத்த பிறகு ஓடக்கூடாதே என்று முன்கூட்டியே ஆயத்தமானார். தனக்குப் போடப்படவிருந்த மாலையையும் மார்க்கெட் பூக்கடையில் தானே சொல்லி வைத்தார். அணிந்து பார்த்து ஒத்திகை செய்ய வேண்டுமாம், முதல் நாளே வந்தாக வேண்டும்.

விஜயா கூடையில் இரண்டு மாலைகளோடு போனாள். ஒன்று சாதாரணம், இன்னொன்று தாழியில் ஊறியது. எதை எடுப்பது என்பதை அவள் இன்னும் முடிவு செய்யவில்லை. தன்னை அடையாளம் கண்டு அவர் கொஞ்சம் திணறினால் போதும், சாதாரணத்தைக் கொடுத்துவிட்டு வந்துவிடலாம் என்று வழியெல்லாம் நினைத்தாள்.

கலியாணசுந்தரம் கோட்டு போட்டு நிலைக்கண்ணாடி முன் நின்றிருந்தார். "எந்த ஊரும்மா நீ?" என்றார், கண்ணாடியைப் பார்த்தபடியே.

"புக்கிட் ரம்பாய். உங்களுக்கு அங்க யாரையாச்சும் தெரியுமா?"

"அங்கயா? யாரும் இல்லியே."

விஜயா ஊறிய மாலையை எடுத்தாள். நியாயமாக நடந்துகொள்ள வேண்டும் என்பதற்காக ஒன்று சொன்னாள்: "போட்ட உடனே கழட்டிருங்க. அதான் மரியாத."

மாலை போட்டால் கழுத்தில் பட்டதும் எடுத்துக் கையில் வைத்துக்கொள்வதுதான் பெரிய மனிதர் வழக்கம். சின்னப் பிள்ளைக்கும் தெரியும். கலியாணசுந்தரம் கண்ணாடியில் தன்னைப் பார்த்தார், இடப்பக்கம் திரும்பிப் பார்த்தார், வலப்பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"இருக்கட்டும்மா. எனக்கென்ன அவசரம்" என்றார்.

மறுநாள் காலை ஊர் முழுக்கப் பாடாங்குக்குப் போனது. தன்னை அழைத்துப்போகக் கார் வருமென்று அவர் காத்திருந்தார். அதன் பிறகும் காத்திருந்தார். கூடத்தில் வெள்ளைக்கார ராணி படம் அப்படியே இருந்தது, கோப்பைத் தேநீரில் ஆவி பறந்தது. குடியுரிமை எழுத வந்த அதிகாரியிடம் "எல்லாம் நாளைக்கு" என்றார். அதிகாரிக்கு அது பழகிய பதில் என்பதால் மதிப்போடு திரும்பிப் போனார். சீதா பின்கட்டில் குடியேறி, குடியுரிமை வாங்கி, லாரிகளைத் தானே பார்த்து, ஓட்டும் போட்டாள். பால் கெடாமலிருக்க அந்தக் கூடத்தில் வைத்தாள். பெருநாள் சமயம் பக்கத்து வீட்டாரும் கறி கொண்டுவந்து வைத்தார்கள். தாழியிலிருந்த தாமத மீனை ஷம்சுதீன் படகில் கொண்டுபோய் ஆழத்தில் விட்டுவிட்டார்.

ஒரு முறை சீதா பூக்கடைக்கு வந்தாள். மல்லிகை வாங்கினாள். அப்புறம் குரலைத் தாழ்த்தினாள்.

"அக்கா, அந்த மாலைய எடுத்துட்டா மனுசன் சரியாயிருவாரா?"

"அப்பவே சரியாயிருவாரு. யாரு வேணாலும் எடுக்கலாம்."

சீதா சரத்தைத் தலையில் வைத்துக்கொண்டு சற்று யோசித்தாள். "அழகா இருக்குல்ல, அவருக்கு" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

விஜயாவின் தலை நரைத்துவிட்டது. கடைக்குப் போகிற வழியில் தினமும் அந்த ஜன்னலோரம் நிற்பாள். கருகருவென்ற மீசையோடு, நேற்றுப் பறித்ததுபோன்ற ரோஜாக்களோடு, கலியாணசுந்தரம் எட்டிப் பார்த்துக் கேட்பார்: "இந்தாம்மா, மணி என்ன ஆச்சு? கார் வந்துருமில்ல?"

"முகூர்த்தம் தாண்டிப் போச்சுங்க" என்பாள் அவள்.

அவர் தலையாட்டுவார், மாலையைச் சரிசெய்துகொள்வார், "சபையோர்களே" என்று முதலிலிருந்து ஆரம்பிப்பார். முதல் பத்தி வரைக்கும் கேட்டுவிட்டு அவள் கடை திறக்கப் போவாள்.