குமிழுக்குள் ஒரே சொல்

செவ்வாய்க்கிழமை ராஜேஸ்வரி அக்காவைச் சோதித்துவிட்டு டொக்டர் பிரெஞ்சில் நீளமாக ஏதோ சொன்னார். எனக்கு ஒரு மண்ணும் விளங்கவில்லை. "பிள்ளை சுகமாம் அக்கா" என்றேன். ஏழு மாதக் கர்ப்பிணி. கும்பிடாத குறையாக நன்றி சொன்னார். அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

சுவிஸின் ஃப்ரிபூர்க்கில் எங்கள் அகதி விடுதியில் பிரெஞ்சு தெரிந்தவன் நான்தான். அப்படி நானே சொல்லிக்கொண்டேன், எல்லாரும் நம்பினார்கள். 1986இல் அந்தப் பேருக்குத் தனி மரியாதை. வெட்கம் கெட்டவன், அதைக் கைவிட மனம் வரவில்லை.

ஞாயிறு மத்தியானம் விடுதிப் பொறுப்பாளர் மதாம் ஜோசியான் புரொஜெக்டரோடு வந்தார். பேசாப்பட காலத்துக் கார்ட்டூன்கள். பத்திரிகைச் சித்திரக்கதைகளிலிருந்து எடுத்தவை. யாராவது பேசினால் வாயிலிருந்து ஒரு குமிழ் கிளம்பும், அதற்குள் எழுத்து.

"தயாநிதி, வாசிச்சுச் சொல்லடாப்பா" என்று கனகரத்தினம் அண்ணை என்னை முன்னால் தள்ளினார்.

திரையில் ஒரு தொந்திக்காரன் மனைவிக்குப் பயந்து பீப்பாவுக்குள் ஒளிந்தான். குமிழ் வந்தது. "ஐயோ, கறி அடிப்பிடிச்சிட்டுது, இண்டைக்கு நான் துலைஞ்சன்!" என்றேன். கூடமே அதிர்ந்தது. ராஜேஸ்வரி அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அதைப் பார்த்து எனக்குக் குளிர் விட்டுப்போயிற்று. அடுத்தடுத்த குமிழ்களுக்கும் அவிழ்த்துவிட்டேன்.

கடைசியில் திரையைப் பார்ப்பதையே விட்டுவிட்டேன். சனத்தைப் பார்த்தபடி, மனைவி திட்டுவதாக மூச்சுவிடாமல் பொழிந்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை. திரும்பினேன். குமிழுக்குள் ஒரே சொல். 'இல்லை' என்பதற்கான பிரெஞ்சுச் சொல். அகதி மனுவை மறுத்து வரும் கந்தோர்க் கடிதங்களில் பார்த்துப் பார்த்து எங்கள் எல்லாருக்கும் பாடமான சொல்.

"அடேய், இதுக்கு இவ்வளவு நீளமோ!" என்று அண்ணை வெடித்துச் சிரித்தார். கூடமும் சேர்ந்துகொண்டது.

அக்கா மட்டும் எழுந்து என்னிடம் வந்தார்.

"தம்பி, செவ்வாய்க்கிழமை டொக்டர் என்ன சொன்னவர்?"

பொய் வாய்வரை வந்தது. அவர் கை வயிற்றின் மேல் இருந்தது.

"எனக்கு விளங்கேல்லை அக்கா. ஒண்டுமே விளங்கேல்லை."

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் குளிர்ச்சட்டையை எடுத்து மாட்டினார்.

"வெளிக்கிடு, ஆஸ்பத்திரிக்குப் போவம். விளங்கேல்லை எண்டதைப் பிரெஞ்சில எப்பிடிச் சொல்லுறது? அதாவது தெரியுமோ?"

தெரியும். நான் முதன்முதலில் பாடமாக்கிய வசனமே அதுதான். ஒருநாளும் வாய் திறந்து சொன்னதில்லை.