கனக்க மறுத்த குரல்

பஞ்சு ஒட்டிய அந்த அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினால் போதும், உலகமே போர்வைக்கு அடியில் போய்விடும். ஆங்கிலம் கற்றுத்தரும் செயலிக்கு வாக்கியங்களைப் படித்துப் பதிவு செய்வது என் பிழைப்பு. இன்றைய சொல் 'லெடன்'. ஈயம் மாதிரிக் கனத்து, மந்தமாக, உயிரில்லாமல் இருப்பது. வானம் லெடன், நடை லெடன், ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் லெடன் என்று வரிசையாக வாக்கியங்கள்.

"கொஞ்சம் கனமா வேணும்க்கா," என்றான் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த ஒலிப்பதிவுக்காரன். "நீங்க சொன்னா வானம் பலூன் மாதிரி மேல போகுது."

"இத்தனை வருஷமா கேக்கிற தொண்டைதானே? புதுசாவா பேசறேன்?"

பாவம், கோபம் அவன்மேல் இல்லை. மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர் நேற்று என் ஃபிரேமை நிமிர்த்திக்கொண்டே கேட்டுவிட்டார்: "நாம கல்யாணம் பண்ணிக்கலாமா? நாளைக்குச் சாயங்காலம் சொல்லுங்க, போதும்." அவருக்கும் துணை இல்லை, எனக்கும் இல்லை. காதுக்குப் பின்னால் அவர் விரல் பட்ட இடம் இன்னும் தூங்கவில்லை.

மகள், "உன் இஷ்டம்மா" என்றாள். அண்ணன்தான் குதித்தார். "பேரன் எடுக்கிற வயசுல இது தேவையா? நாலு பேர் சிரிப்பாங்க." அந்த நாலு பேரை இதுவரை நான் பார்த்ததே இல்லை. ஆனாலும் பயம்.

மறுபடி படித்தேன். விளக்கின் மஞ்சள் வட்டத்தில் எழுத்துகள் மிதந்தன. அவர் கடைச் சுவரில் இருந்த அத்தனை கண்ணாடிகளும் என்னையே பார்ப்பதுபோல இருந்தது. மழைமேகத்தைப் படித்தால் வெயில் அடித்தது. சிரிப்பு வேறு வந்து தொலைத்தது.

"ஒரு டீ குடிச்சிட்டு வாங்கக்கா," என்றான்.

நடைபாதையில் நின்று டீயைக் குடித்தேன். அண்ணன் முகம் நினைவுக்கு வந்தது. ஃபோனை எடுத்துக் கடைக்காரருக்கு, 'வேண்டாங்க, மன்னிச்சுடுங்க' என்று அனுப்பிவிட்டு உள்ளே போனேன்.

வீடு லெடனாக இருந்தது. இதுதான் அடுத்த வாக்கியம். ஒரே மூச்சில் வந்தது.

"அடடா! இதான்க்கா, இதான்!" என்று துள்ளி, பதிவை என் ஹெட்ஃபோனில் போட்டுக் காட்டினான்.

கேட்டேன். ஐயோ, யார் இந்தப் பொம்பளை? இந்தக் குரலோடுதான் நான் இனித் தினமும் வீட்டுக் கதவைத் திறக்க வேண்டுமா? அங்கேயே கடைக்காரரை அழைத்தேன்.

"மெசேஜ் பார்த்தேங்க," என்றார். அவர் குரலும் அதே கனம். "பரவாயில்லைங்க."

"அதை விடுங்க. சாயங்காலம் இன்னும் ஆகலையே?"

"ஆகலை."

"அப்போ சரிங்க. எனக்குச் சம்மதம்."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. எனக்கும் கண் நிறைந்துவிட்டது.

ஒலிப்பதிவுக்காரன் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தான். "அப்போ மீதி வாக்கியம்லாம் நாளைக்கு வச்சுக்கலாமாக்கா?"

"நாளைக்கும் கனக்காதுப்பா," என்றேன். "வேற ஆளைப் பாரு."