ஏழாம் வீட்டுக் குட்டிக் கதவு

எங்கள் தெருவைக் கட்டியவன் சுத்த முட்டாள். தெற்கே பழைய கிடங்கின் மதில், நாலு ஆள் உயரம். வடக்கே ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு பத்தொன்பது வீடுகள். தெருவின் வாய் கிழக்கே. மேற்கே கால்வாய்ப் பக்கம் சுவர் வைத்து அடைத்துவிட்டான். எவனாவது வாயில் நின்று அடித்தால் ஓட வழி கிடையாது.

அப்படித்தான் ஒரு காலத்தில் குதிரைப்படை வந்து ஒரு பகல் முழுக்க வெட்டித் தள்ளியதாம். மிஞ்சியவர்களுக்கு அப்போதுதான் புத்தி வந்தது. வீட்டுக்கு வீடு பொதுச் சுவரை இடித்துக் குட்டிக் கதவு வைத்தார்கள். முதல் வீட்டில் நுழைந்தால் குனிந்து குனிந்தே போய், பத்தொன்பதாம் வீட்டுக் கொல்லை வழியாகக் கால்வாய்க் கரையில் ஏறிவிடலாம். அந்தக் கதவுகளுக்குத் தாழ்ப்பாள் வைப்பதில்லை. ஜென்மப் பகை உள்ள வீடுகள்கூடச் சாத்தி வைக்குமே தவிர, பூட்டியதில்லை.

நான் பூட்டினேன்.

ஏழாம் வீடு அண்ணனுடையது, எட்டாம் வீடு என்னுடையது. எனக்கு மூக்கின் மேல் கோபம். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், காபி ஆறிப்போயிற்று என்பதற்காக, என் பெண்டாட்டியைக் கைநீட்டி அடித்துவிட்டேன். அவள் குட்டிக் கதவைத் திறந்துகொண்டு அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள். அண்ணன் அதே கதவு வழியாக வந்தார். என்னை நடுத்தெருவுக்கு இழுத்துப் போட்டு, எல்லோரும் பார்க்கப் பளார் பளாரென்று அறைந்தார்.

"இனிமே அவ மேல கை வச்சே, அந்தக் கைய ஒடச்சிருவேன்டா."

நான் வெல்டர். அன்று மத்தியானமே குட்டிக் கதவின் குறுக்கே இரும்புப் பட்டை அடித்து, என் பக்கம் பூட்டுப் போட்டேன். திரும்பி வருவதானால் வாசல் வழியாக, நாலு பேர் பார்க்க வரட்டும் என்ற திமிர். சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அண்ணன் குரல் கொடுத்தார்.

"டேய், அதப் பூட்டக் கூடாதுடா."

நான் காதில் வாங்கவில்லை.

ஒன்பது நாள் கழித்து, தெருவுக்குள் ரிவர்ஸில் வந்த லாரி ஒன்று மூலை வீட்டுச் சுவரைப் பெயர்த்தது. எங்கள் ஆட்கள் டிரைவரை இறக்கி, பல் உதிர உதிர அடித்தார்கள். மறுநாள் காலை லாரி ஷெட்டிலிருந்து அறுபது பேர் கம்பியும் அரிவாளுமாக வந்தார்கள்.

நான் கால்வாய்க்கு அக்கரையில் பட்டறையில் இருந்தேன். புகையைப் பார்த்ததும் பாலத்தில் ஓடினேன். ஒன்பதாம் வீடு முதல் கடைசி வீடு வரை எல்லோரும் கரையில் நின்றிருந்தார்கள். முதல் ஏழு வீட்டிலிருந்து ஒரு ஜீவன்கூட வரவில்லை. ஒன்பதாம் வீட்டுத் தையல்காரர் என் சட்டையைப் பிடித்தார்.

"சாவி எங்கடா பாவி? சம்மட்டியால அடிச்சும் அசையல. என்ன எழவடா மாட்டி வச்சிருக்க?"

பதினொரு கதவு. ஒவ்வொன்றிலும் மண்டையை இடித்துக்கொண்டு ஓடினேன். என் வீட்டுக்குள் குட்டிக் கதவு அதிர்ந்துகொண்டிருந்தது. அந்தப் பக்கம் உள்ளங்கைகள் அறைந்தன. சட்டைப் பையிலிருந்து எடுத்த சாவி இரண்டு தடவை கீழே விழுந்தது. திறந்ததும் ஜனங்கள் என்மேல் சரிந்து, என்னை மிதித்துக்கொண்டே ஓடினார்கள். மூலை வீட்டுக்காரருக்குக் காது தொங்கியது. ஒருத்தியின் புடவை இன்னும் எரிந்துகொண்டிருந்தது. என் பெண்டாட்டி வரவில்லை.

உள்ளே பாய்ந்தேன். வாசல் நடையில் அண்ணன் முட்டி போட்டுக் கதவை மறித்திருந்தார். மூன்று பேர் அவரைக் கொத்திக்கொண்டிருந்தார்கள். அவர் கையிலிருந்த கடப்பாரையை உருவினேன். முதல் ஆளின் தாடை போயிற்று. இரண்டாமவனின் மணிக்கட்டு முறிந்த சத்தம் கேட்டது. மூன்றாமவன் கும்பிட்டான். கும்பிட்ட கையின் மேலேயே போட்டேன். பொய் சொல்ல மாட்டேன், அடிக்க அடிக்க இனித்தது. போலீஸ் வண்டி வந்த சத்தம் கேட்டுத்தான் மற்றவர்கள் ஓடினார்கள்.

திரும்பிப் பார்த்தேன். அண்ணி அவர் தலையை மடியில் வைத்திருந்தாள். மூச்சு இல்லை. என் பெண்டாட்டி தன் முந்தானையால் அவர் கழுத்தை இன்னும் அழுத்திப் பிடித்திருந்தாள். என்னை நிமிர்ந்து பார்க்காமலே பேசினாள்.

"கடப்பாரை ஒண்ணுதான் இருந்துச்சு. அதால குட்டிக் கதவ ஒடைங்கன்னு எல்லாரும் கத்துனாங்க. மாமா கேக்கல. 'வாசல நான் பாத்துக்கறேன், கதவ என் தம்பி வந்து தெறந்துருவான்'னு சொல்லிட்டு அத எடுத்துட்டுப் போனாரு."

நான் சுவரோடு சுவராக உட்கார்ந்துவிட்டேன்.

"நீங்க வரமாட்டீங்கன்னு நான்தான் அவர்கிட்ட சொன்னேன்," என்றாள்.