யார் கைப் பொரியல்

பெண் பார்க்க வந்தவர்கள் "சமைக்கத் தெரியுமா?" என்று கேட்டால், "ஏதோ கொஞ்சம் தெரியும்" என்று சொல்ல வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு சொன்னால் இன்னும் விசேஷம். ஊரில் எல்லாப் பெண்களும் அப்படித்தான் சொன்னார்கள். சொன்னவர்களில் வெந்நீர் வைக்கத் தெரியாதவர்களும் உண்டு. லோகநாயகி மட்டும் சிதம்பரத்திலிருந்து வந்திருந்த மாப்பிள்ளையின் அம்மா தர்மாம்பாளின் முகத்தை நேராகப் பார்த்து, "நல்லா சமைப்பேன்" என்று சொல்லிவிட்டாள்.

பொய் ஒன்றுமில்லை. அம்மா போனதிலிருந்து திருப்பாப்புலியூர் வீட்டின் அடுப்படி அவள் பொறுப்பில்தான் இருந்தது. அப்பா சுப்புரத்தினம் சாப்பாட்டில் குறை கண்டுபிடிப்பதையே பொழுதுபோக்காக வைத்திருந்தவர். அவரே வாயை மூடிக்கொண்டு வெகுகாலமாகிறது. ஆனால் உண்மையைச் சொல்வதற்கும் இடம் பொருள் ஏவல் இருக்கிறதல்லவா? தர்மாம்பாளின் முகம் சுண்டிப்போயிற்று. தாயில்லாத வீட்டுப் பெண்ணுக்கு வாய் ஜாஸ்தி என்று அவள் முடிவுகட்டியது, உட்கார்ந்திருந்த எல்லோருக்கும் தெரிந்தது.

"சரி, ஊருக்குப் போய்த் தாக்கல் சொல்றோம்" என்றாள்.

அந்தப் பேச்சின் அர்த்தம் லோகநாயகிக்கு அத்துபடி. இதற்கு முன்னால் வந்த இரண்டு கூட்டமும் அதையேதான் சொல்லிவிட்டுப் போயின. தாக்கல் என்று ஒரு சேதியும் வரவில்லை. அப்போது அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவுமில்லை, அந்த மாப்பிள்ளைகளை அவளுக்கும் பிடிக்கவில்லை. இந்த ராஜசபேசன் விஷயம் வேறு. மழையில் கூடத்து ஓடு ஒழுக ஆரம்பித்ததும் எல்லோரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் எழுந்துபோய் மூலையில் கிடந்த பித்தளைக் குண்டானை எடுத்து ஒழுகுகிற இடத்தில் வைத்துவிட்டு, ஒன்றும் நடக்காததுபோல் வந்து உட்கார்ந்துகொண்டான். சிதம்பரம் மேல வீதியில் பாத்திரக் கடை வைத்திருக்கும் குடும்பம். பாத்திரம் எங்கே இருந்தாலும் கண்ணில் படும்போலிருக்கிறது. மாப்பிள்ளை முறுக்கு என்று ஒன்று அவனிடம் இல்லவே இல்லை. கட்டினால் இவனைத்தான் கட்டிக்கொள்ள வேண்டும் என்று லோகநாயகி அந்த நிமிஷமே தீர்மானித்துவிட்டாள். அம்மாக்காரி என்னடாவென்றால் தாக்கல் சொல்கிறேன் என்கிறாள்.

வெளியே ஐப்பசி மழை கொட்டிக்கொண்டிருந்தது. வண்டி நேரம் விசாரிக்கப் போயிருந்த தரகர் ராஜமாணிக்கம் சொட்டச் சொட்டத் திரும்பி வந்தார். மூன்று பேராகப் போகக்கூடாது என்பதற்காக நாலாவது ஆளாகச் சேர்த்துக்கொள்ளப்பட்டவர் அவர்.

"வண்டி போவாதாம். பரங்கிப்பேட்டைக்கு இந்தாண்ட தண்டவாளத்து மேல தண்ணி நிக்குதாம். எப்ப வடியும்னு கேட்டா கையை விரிக்கிறாங்க" என்றார்.

அங்கேதான் சிக்கல் பிடித்தது. சம்பந்தம் முடிவாகும்வரை மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டில் கை நனைக்க மாட்டார்கள். ஒரு வாய் சாப்பிட்டால் சம்மதம் என்று அர்த்தம். சாப்பிட்டுவிட்டுப் பின்வாங்கினால் ஊர் காறித் துப்பும். அதனால்தான் தர்மாம்பாள் குடிக்கிற தண்ணீரைக்கூடக் கூஜாவில் கொண்டுவந்திருந்தாள். மத்தியான வண்டியில் வீட்டுக்குத் திரும்பிவிடலாம் என்று கட்டுச்சோறு கட்டவில்லை. ஓட்டலுக்குப் போகலாமென்றால் தெருவில் முழங்கால் தண்ணீர். உலக யுத்தச் சண்டைக் காலம் வேறு, ஓட்டல்களில் அரிசித் தட்டுப்பாடு. தண்ணீரில் நடந்துபோனாலும் அங்கே சோறு இருக்கும் என்பதற்கு உத்தரவாதமில்லை.

தர்மாம்பாளின் புருஷன் சபாபதி பிள்ளை வேளாவேளைக்குச் சாப்பிட்டுப் பழகியவர். அவர் வயிறு போட்ட சத்தம் கூடம் முழுக்கக் கேட்டது. சுப்புரத்தினத்துக்கோ தர்மசங்கடம். சாப்பிடுங்கள் என்று சொன்னால் சம்மதத்தைக் கட்டாயப்படுத்துவது போலாகும். சொல்லாமல் தான் மட்டும் எப்படிச் சாப்பிடுவது? மனிதர் தோளில் கிடந்த துண்டை எடுப்பதும் போடுவதுமாக இருந்தார்.

லோகநாயகி கூடத்துக்கு வந்து நின்றாள்.

"அத்தை, நீங்க எங்க வீட்டுச் சமையலைச் சாப்பிட வேணாம். அடுப்பு இருக்கு, அரிசி இருக்கு, கொல்லையில வாழத்தாரு இருக்கு. நீங்களே சமைச்சு நீங்களே சாப்பிடுங்க. உங்க கைச் சமையலைச் சாப்பிட்டா அது எப்படிக் கை நனைச்சதாவும்?"

தர்மாம்பாள் பதில் சொல்வதற்குள் சபாபதி பிள்ளை முந்திக்கொண்டார். "அந்தப் பொண்ணு சொல்றது நாயந்தான். சத்திரத்துல பொங்கித் தின்னா சத்திரத்துக்காரன் சம்பந்தி ஆயிடுவானா?"

தர்மாம்பாளுக்கும் பசிதான். புருஷனை ஒரு முறை முறைத்துவிட்டு, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்தாள். "ஒரு சோறு, ஒரு பொரியல். அதுக்கு மேல ஒண்ணும் வேணாம். நீ எதையும் தொடக் கூடாது."

"தொடலை" என்றாள் லோகநாயகி.

அடுப்பு தர்மாம்பாளுக்குப் பிடிகொடுக்கவில்லை. விறகு ஈரம். ஊதினாள், விசிறினாள், கடைசியில் கண்ணில் நீர் வழிய மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "அடுப்பை மட்டும் நீ மூட்டிக் குடு. தீ மூட்டறது சமையல் ஆவாது" என்றாள். லோகநாயகி பரணிலிருந்து காய்ந்த பன்னாடையை இழுத்து உள்ளே திணித்து ஊதுகுழலால் இரண்டு ஊது ஊதினாள். தீ பிடித்துக்கொண்டது.

சோற்றை ஏற்றிவிட்டு தர்மாம்பாள் அரிவாள்மனையில் உட்கார்ந்தாள். கையில் எண்ணெயைத் தடவிக்கொண்டு வாழைக்காயைத் தோல் சீவி, அரிசி கழுவின தண்ணீரில் நறுக்கிப் போட்டாள். ஒரு துண்டு பெரிது, ஒரு துண்டு சிறிது என்பதே கிடையாது. வேலை தெரிந்த கை என்று லோகநாயகி மனதுக்குள் ஒப்புக்கொண்டாள். இந்தப் பெண்மணியோடு ஒரே அடுப்படியில் குப்பை கொட்டலாம் என்றுகூட அவளுக்குத் தோன்றியது.

காய் மஞ்சளும் உப்பும் சேர்ந்து அரைவேக்காடு வெந்தது. மல்லி, மிளகாய், சீரகத்தைச் சட்டியில் வறுத்துக்கொண்டே தர்மாம்பாள் கேட்டாள்.

"தேங்கா எங்க?"

"இல்ல அத்தை. இந்த மழையில கடையும் தொறக்கல. நாங்க மல்லாட்டையை வறுத்துப் பொடிச்சுப் போடுவோம்."

"வாழக்காப் பொரியலுக்கு மல்லாட்டையா? இது எந்த ஊரு வழக்கம்?"

"இந்த ஊரு வழக்கந்தான்."

தர்மாம்பாள் வேர்க்கடலையைப் பொரியலில் கண்டதில்லை; யோசித்தாள். தேங்காயுமில்லை, வேறு போக்கிடமுமில்லை. "சரி, வறு. வறுக்கறது சமையல்ல சேத்தி இல்ல." வறுத்ததும், "தோலை ஊதிட்டு இடி. இடிக்கறதும் சேத்தி இல்ல" என்றாள். வேலை பாதிக்கு மேல் கைமாறிவிட்டது. சட்டம் மட்டும் தர்மாம்பாளிடமே இருந்தது.

கடுகும் உளுந்தும் வெடித்து, கறிவேப்பிலை பொரிந்து, வடிகட்டின காய் இரும்புச் சட்டியில் விழுந்தது. தர்மாம்பாள் உப்புச் சாடிக்குள் கையை விட்டு அள்ளினாள். அடுத்த விநாடி லோகநாயகி அவள் மணிக்கட்டைப் பிடித்துவிட்டாள்.

"கைய விடு" என்றாள் தர்மாம்பாள். குரல் தாழ்ந்திருந்தது, அதுதான் ஆபத்து.

"விடறேன். காய் வேகறப்பவே உப்பு போட்டுட்டீங்க அத்தை."

"நானா?"

"மஞ்சத்தூள் போட்டீங்க, அடுத்தாப்புல உப்பு. புகையில கண்ணைத் தொடச்சுக்கிட்டே போட்டீங்க. மறந்திருப்பீங்க."

சமைக்கிறபோது வாயில் போட்டுப் பார்க்கிற வழக்கம் இரண்டு வீட்டிலும் கிடையாது. லோகநாயகி பேசாமல் இருந்திருந்தால் பொரியல் கரித்துப்போயிருக்கும்; சமையலைப் பற்றிக் கேள்வி கேட்டவளின் சமையல் லட்சணம் பந்தியில் வெளுத்திருக்கும். அந்த எண்ணம் அவளுக்கு வராமலில்லை. வந்த வேகத்தில் போய்விட்டது. நல்ல காயைக் கண்ணெதிரே கெடவிட அவளால் முடியாது.

தர்மாம்பாள் அள்ளின உப்பைத் திரும்பச் சாடியிலேயே போட்டாள். இடித்த பொடியையும் மல்லாட்டைப் பொடியையும் தூவி, அடி பிடிக்காமல் பிரட்டிக்கொண்டிருந்தாள். காய் ஓரம் சிவந்து, வாசனை கூடத்துக்குப் போய் சபாபதி பிள்ளையை இருமவைத்தது. தர்மாம்பாள் சட்டியைப் பார்த்தபடியே பேசினாள்.

"என்னைப் பொண்ணு பாக்க வந்தப்ப நானும் 'ஏதோ கொஞ்சம்'னுதான் சொன்னேன். எங்க மாமியா அதைப் புடிச்சுக்கிட்டாங்க. எதை வச்சாலும், 'நீதான் கொஞ்சம்னு சொன்னியே'ன்னு குத்திக் காட்டுவாங்க. சாகற வரைக்கும் விடல."

லோகநாயகிக்குச் சிரிப்பு வந்தது. கூடவே பாவமாகவும் இருந்தது.

வண்டி எந்நேரம் கிளம்புமோ என்று எல்லோரும் ஒரே பந்தியாக உட்கார்ந்துவிட்டார்கள், சுப்புரத்தினம் உட்பட; லோகநாயகி பரிமாறினாள். சோற்றில் நல்லெண்ணெய் விட்டுப் பொரியலைப் பிசைந்து சாப்பிட்டார்கள். ராஜமாணிக்கம் வாயைத் திறந்து பேசாமல் இருந்தது அந்த அரைமணி நேரம்தான். ராஜசபேசன் இரண்டாம் தரம் பொரியல் கேட்டான்.

"மல்லாட்டை நல்லாத்தான் இருக்கு. யாரு கைப் பொரியல்மா இது?" என்று சபாபதி பிள்ளை ஒன்றும் தெரியாதவர்போல் கேட்டார்.

"என் கைப் பொரியல். பேசாம சாப்புடுங்க" என்றாள் தர்மாம்பாள்.

பொரியல் தீர்ந்தது. ஒவ்வோர் இலையிலும் ஒரு கைப்பிடி வெறும் சோறு மிஞ்சி நின்றது. மோர் இல்லாமல் எழுந்து பழக்கமில்லாத கூட்டம். உறியில் மோர் இருப்பது எல்லோருக்கும் தெரிந்தது; அது தர்மாம்பாள் கடைந்ததில்லை என்பதும் தெரிந்தது. சபாபதி பிள்ளை கூரையைப் பார்த்தார். ராஜசபேசன் விரலால் சோற்றைத் தள்ளிக்கொண்டிருந்தான். சுப்புரத்தினம் இடது கையால் தோள் துண்டை எடுத்துப் போட்டுக்கொண்டார்.

லோகநாயகி காலிக் கரண்டியோடு நின்றாள். தான் கேட்கக் கூடாது என்று அவளுக்குத் தெரியும். இப்படியே எழுந்துவிட்டார்களானால் தண்ணீர் வடியும், வண்டி வரும், போய்விடுவார்கள். இவ்வளவு பாடுபட்டதில் அவர்களுக்கு ஒரு வேளைச் சோறு கிடைத்ததுதான் மிச்சம்; தனக்கு ஒன்றுமில்லை.

தர்மாம்பாள் இலையில் இருந்த சோற்றை நடுவில் குழித்தாள்.

"மோரை எடு" என்றாள்.

லோகநாயகி கரண்டியைக் கீழே வைத்தாள்.

"அத்தை, அது நான் கடைஞ்சது." பேசாமல் ஊற்றியிருக்கலாம். தர்மாம்பாள் மறந்துபோய்ச் சொன்ன வார்த்தையைப் பிடித்துக்கொண்டு புகுந்த வீட்டுக்குப் போக லோகநாயகிக்கு இஷ்டமில்லை.

"பின்ன, நானா கடைஞ்சேன்? எடுத்துக்கிட்டு வா. அப்படியே சபேசனுக்கும் ஊத்து."

சுப்புரத்தினம் சாப்பிடுகிற கையாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டார். மிளகாய் எரிந்தது, அதைப் பொருட்படுத்தவில்லை. லோகநாயகி மோர்ச் சட்டியை எடுத்துவந்து முதலில் தர்மாம்பாளுக்கு ஊற்றினாள். அதுவரைக்கும் கை நிதானமாகத்தான் இருந்தது. ராஜசபேசன் இலைக்கு வந்தபோது சட்டி கொஞ்சம் அதிகமாகவே சாய்ந்துவிட்டது. இலையைத் தாண்டி ஓடிய மோரை அவன் இரண்டு கையாலும் அணைகட்டி மறித்துக்கொண்டிருந்தான்.