முள்ளெலிக்கு மெட்டுப் போட்டவர்

போகுமில் ரதாய் மூன்று சிம்பொனி எழுதியவர். மூன்றும் தலா ஒரு தடவை வாசிக்கப்பட்டன. கேட்க வந்தவர்களில் பாதிப் பேர் வாசித்தவர்களின் வீட்டு ஆட்கள்.

சோறு போட்டது வேறு வேலை. தொலைக்காட்சியில் ஏழு மணிக்கு, பிள்ளைகள் படுக்கப் போகுமுன், ஒரு முள்ளெலி பொம்மைப்படம் ஓடும். அதற்கு ‘கோமர்’ என்ற புனைபெயரில் மெட்டுப் போட்டவர் அவர்தான். மெட்டு முடிந்ததும் பல் தேய்க்க வேண்டும் என்பது அந்நாளில் போலந்து முழுக்க வீட்டுச் சட்டம். வார்சா இசையமைப்பாளர் சங்கத்தின் உணவகத்தில் கோமர் யாரென்று தெரியாமலே எல்லோரும் அவரைத் திட்டுவார்கள். போகுமில் கொஞ்சம் உரக்கவே திட்டுவார்.

ஐம்பத்தெட்டாவது வயதில் முதல் சினிமா வாய்ப்பு வந்தது. சொந்தப் பெயர் திரையில் வரும். ஒரு டிராம் ஓட்டுநர் சாகும் காட்சிக்கு ஆறாவது தடவையாக இசை கொண்டுபோயிருந்தார்.

“நல்லாத்தான் இருக்கு சார்,” என்றான் இளம் இயக்குநர் ஒக்டாவியன். “ஆனா மரியாதை வருது. அழுகை வரல.”

எடிட்டர் வியோலெட்டா நிமிராமல் சொன்னாள்: “ஆள் சாகறதுக்கு முன்னாடியே இசை செத்துடுது. நான் சும்மா ஒட்டிவச்சது தேவலை.”

அவள் தற்காலிகமாக ஒட்டியிருந்ததைப் போட்டுக் காட்டினாள். வேகம் குறைத்த முள்ளெலி மெட்டு.

“கோவிச்சுக்காதீங்க சார்,” என்றான் ஒக்டாவியன். “இந்தக் கோமர் உயிரோட இருந்தா அவரையே கூப்பிட்டுக்கறேன்.”

தன் வேலை தன்னிடமே பறிபோவதைப் போகுமில் பார்த்துக்கொண்டிருந்தார்.

“கோமர் நான்தான்.”

“இது ஏழாவது முயற்சியா சார்?” என்றாள் வியோலெட்டா.

அவர் அந்த மெட்டை முணுமுணுத்துக் காட்டினார். குரல் மோசம். ஆனால் ஒளிபரப்பில் வெட்டப்பட்ட நடுப்பகுதியையும் சேர்த்து முணுமுணுத்தார். அது எழுதியவனுக்குத்தான் தெரியும். முடிந்ததும் ஒக்டாவியன் தன்னையறியாமல் நாக்கால் பல்லைத் தடவிக்கொண்டான்.

“கோமர்னு போட்டா கூட்டம் வரும் சார்.”

“போகுமில் ரதாய்னு போடுங்க. கோமர் யாருன்னு நானே போய்ச் சொல்லிக்கறேன்.”

மதியம் உணவகத்தில் சொன்னார். கோமர் நாட்டின் காதைக் கெடுத்தவன் என்று முப்பது வருஷமாகச் சொல்லிவந்த பேராசிரியர் செவெரின், சூப்பில் கரண்டியை விட்டுவிட்டு அவர் பக்கம் திரும்பினார்.

“ரதாய்,” என்றார் தணிந்த குரலில். “பனிக்காலம் வந்ததும் அந்த முள்ளெலி எங்கய்யா போச்சு? படத்தை நடுவுல நிறுத்திட்டாங்க. என் பொண்ணு ரொம்ப நாள் கேட்டுக்கிட்டே இருந்தா.”

போகுமிலுக்குத் தெரியாது. மெட்டுப் போடுகிறவனிடம் யாரும் கதை சொல்வதில்லை.

“பனிக்காலம் பூரா தூங்கிடுச்சு,” என்றார். “நல்லாத்தான் இருந்துச்சுன்னு உங்க பொண்ணுகிட்ட சொல்லுங்க.”