தாளம் கெட்டவள்

சிக்னலில் பச்சை மனிதன் தெரிந்ததும் அவள் கையைப் பிசைந்தாள். அகலமான சாலை. அந்தப் பக்கம்தான் நடைப் பயிற்சி கொடுக்கும் இடம்.

"போலாமா?" என்றாள்.

"போலாம். நீ கையைப் பிசையாம வா, அது போதும்" என்றார் கணவர்.

டிரம்மர் என்றால்தான் அவரை எல்லோருக்கும் தெரியும். மெல்லிசைக் குழுவில் ஆயுசு முழுக்க டிரம்ஸ் அடித்தவர். தூக்கத்தில்கூடத் தாளம் தப்பாது என்பார்கள். அப்பேர்ப்பட்ட மனுஷனுக்குத்தானா இப்படி ஒரு வியாதி வரவேண்டும்? நன்றாக நடந்துகொண்டே இருப்பார், சட்டென்று பாதம் இரண்டும் தரையோடு ஒட்டிக்கொள்ளும். வாசற்படியில், லிஃப்டில், குளியலறைக் கதவில். வலி கிடையாது. அடுத்த அடியை எப்போது வைப்பது என்று காலுக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான். வெளியிலிருந்து ஒரு தாளம் கேட்டால் கால் அதைப் பிடித்துக்கொண்டு போய்விடும் என்றாள் பயிற்சி கொடுக்கும் பெண். மகள் உடனே அவர் போனில் டக், டக் என்று அடிக்கிற ஒரு ஆப்பைப் போட்டுக் கொடுத்தாள். கூடவே ஒரு மிரட்டலும்.

"இன்னொரு தடவை நடுரோட்ல நின்னீங்கன்னா, வெளிய போறதையே மறந்துடுங்கப்பா. அப்புறம் சக்கர நாற்காலிதான்."

அன்றைக்கு அவர் சாப்பாட்டுத் தட்டைத் தொடவே இல்லை. மகளுக்கு அது தெரியாது. இவளுக்குத் தெரியும்.

சட்டைப்பையில் போன் டக், டக் என்றது. இறங்கினார்கள். அவர் கால் அழகாகப் போயிற்று. இவள்தான் மூச்சை அடக்கிக்கொண்டு நடந்தாள்.

பாதிச் சாலையில் போன் பாட ஆரம்பித்தது. மகள்! ரோட்டைத் தாண்டியாச்சா என்று கேட்க அவளுக்கு இந்த நேரம்தானா கிடைத்தது? டக் டக் நின்றது. டிரம்மரும் நின்றார்.

அவள் போனைப் பிடுங்கி அழைப்பை வெட்டினாள். தாளம் திரும்பி வரவில்லை. எதைத் தொட வேண்டும்? மூக்குக்கண்ணாடி பைக்குள்ளே, பை தோளில். எதையோ தொட்டாள், டார்ச் எரிந்தது. பட்டப்பகலில் டார்ச்! மறுபடி மகள். மறுபடி வெட்டினாள்.

"கை தட்டு" என்றார். அவர் நெற்றியெல்லாம் வியர்வை.

தட்டினாள். ஆனால் கச்சேரியில் ஊரே ஒன்றாகக் கை தட்டும்போது இவள் தட்டு மட்டும் பின்னால் தனியாக வரும். கல்யாணமான புதிதிலேயே அதைக் கண்டுபிடித்து 'தாளம் கெட்டவளே' என்று செல்லமாகக் கூப்பிட ஆரம்பித்தவர் அவர். அப்போதெல்லாம் அவளும் சேர்ந்து சிரிப்பாள். இப்போது சிரிப்பா வரும்? ஒரு தட்டு முந்தியது, ஒரு தட்டு பிந்தியது. அவர் உடம்பு முன்னால் சாய்ந்தது, கால் கூட வரவில்லை. தோளைப் பிடித்து நிமிர்த்தினாள்.

"போதும், போதும். இன்னும் கெடுக்குற" என்றார்.

பச்சை மனிதன் மினுக்கி மினுக்கி அணைந்தே போனான். வண்டிகள் உறுமின. ஒரு ஓட்டுநர் தலையை நீட்டி, "பெரியவரே, நிக்க வேற இடம் கிடைக்கலையா?" என்று கத்தினார்.

பயம் முற்றினால் அவளுக்குக் கோபம்தான் வரும். பொத்துக்கொண்டு வந்தது.

"நான் சொல்ற ஒண்ணையாவது கேட்டிருக்கீங்களா? ஈரத் துண்டைக் கட்டில்ல போடாதீங்கன்னு எத்தனை தடவை சொல்றது! போற போக்குல ஃபேனை அணைங்கன்னு எத்தனை தடவை சொல்றது!"

கல்யாணமானதிலிருந்து வீட்டில் தினமும் நடக்கிற பாராயணம் அது. அதே வார்த்தைகள், அதே வரிசை, ஒவ்வொன்றின் வாலிலும் அதே 'எத்தனை தடவை சொல்றது'. சொல்லிச் சொல்லி அது தானாகவே ஒரு தாள நடைக்கு வந்திருந்தது, அவளுக்குத்தான் தெரியாது. நடுரோட்டில், அந்தப் பயத்திலும், இம்மி பிசகவில்லை.

டிரம்மரின் வலது கால் எழுந்தது. அப்புறம் இடது கால்.

பிடித்திருந்த தோள் நகர்ந்தபோதுதான் அவள் கவனித்தாள். திகைப்பில் வாய் மூடிக்கொண்டது. அவரும் நின்றார்.

"ஏய், நிறுத்தாதே! அடுத்து குழாய்!"

"குழாயைச் சரியா மூடுங்கன்னு எத்தனை தடவை சொல்றது!" என்று அலறினாள். "செருப்பை வழியில விடாதீங்கன்னு எத்தனை தடவை சொல்றது!"

வண்டிகள் காத்திருந்தன. "பாவம்யா அந்த மனுஷன், ரோட்லகூட விடமாட்டேங்குது அந்தம்மா" என்றார் அதே ஓட்டுநர். சொல்லிவிட்டுப் போகட்டும். கோபம் எப்போதோ வடிந்துவிட்டது, வார்த்தைகளை மட்டும் விடாமல் போட்டுக்கொண்டே வந்தாள்.

நடைபாதையின் விளிம்பு வந்தது. ஏறவேண்டியது ஒரே ஒரு அடி. இந்த மனுஷனையா மகள் சக்கர நாற்காலியில் உட்கார வைக்கப் பார்த்தாள் என்று அங்கேதான் நினைத்தாள், அழுகை குமுறி வந்தது, வார்த்தை சிதறியது. அவர் விளிம்புக்குக் கீழே அப்படியே நின்றார். முதுகை உரசுகிற மாதிரி வண்டிகள் கிளம்பின.

"அழாதம்மா" என்றார் அவர் மெதுவாக. "அழுதா என்னால நடக்க முடியாது. திட்டு."

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, ஈரத் துண்டிலிருந்து ஆரம்பித்தாள். கால் ஏறியது.