நடு ஏரியில் மட்டம் மாறவில்லை

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை என் வீட்டுப் பின்னறையில்தான் இருக்கிறது. கடையில் மிஞ்சிய ஒரே தையல் மெஷினோடு அக்கா அங்கே வந்து இறங்கியதிலிருந்து எனக்கு எழுதவும் ஓடவில்லை, தூக்கமும் இல்லை.

முதல் தொடக்கம்: 'ஏரி அன்று அமைதியாக…'

(அடித்துவிட்டேன். ஏரி என்றதும் அமைதி என்று எழுதுகிற கையை என்ன செய்ய?)

2

அத்தானுக்கு ஏரியின் நீர்மட்டம் அளக்கும் வேலை. நீளமான ஏரி. படகுத்துறை நடுக்கரையில் இருந்ததால், வசதியாகப் போயிற்று என்று மீட்டரையும் அங்கேயே மாட்டினார். அக்காவின் தையல் கடை ஒரு கோடியில், தரைக்குக் கீழே.

ஒரு நாள் காற்று ஒரே பக்கமாக அடித்து, தண்ணீரை எதிர்க்கோடியில் குவித்தது. காற்று நின்றதும் தண்ணீர் திரும்பியது. அப்புறம் தொட்டியை ஆட்டிவிட்ட மாதிரிதான்: இந்தக் கோடி ஏறினால் அந்தக் கோடி இறங்கும். நடுவில் மட்டும் மட்டம் அசையாது. பாடநூலில் அந்த இடத்துக்குக் கணு என்று பெயர்.

அக்கா அத்தானுக்குப் போன் செய்தாள்.

"தண்ணி படியிறங்கி கடைக்குள்ள வருதுங்க."

"மீட்டர்ல மாற்றமே இல்லையே. உனக்கு எதுக்கெடுத்தாலும் பதற்றம்."

கடை மூழ்கிவிட்டது.

3

அத்தானை வில்லனாக்கப் பார்த்தேன். மனசு வரவில்லை. நேற்றும் போன் செய்தார். "கதை எழுதுறியாமே மச்சான். நான் பொய் சொல்லலன்னு மட்டும் எழுதிடு."

அவர் பொய் சொல்லவில்லைதான். அதுதான் கஷ்டம்.

இதுவரை எழுதியதை அக்காவிடம் காட்டினேன்.

"தண்ணிக்காகவா நான் வந்தேன்? கல்யாணம் ஆனதிலேருந்து நான் எதைச் சொன்னாலும் அவருக்கு 'மாற்றமே இல்லை'. இப்ப நீயும் நடுவுல உட்கார்ந்துக்கிட்டு எழுதுற. போடா."

(அடிக்குறிப்பு: கணுவில் மட்டம்தான் மாறாது. தண்ணீர் அங்கேதான் மிக வேகமாக ஓடுகிறது. இதை யாரிடம் சொல்லி அழுவது?)

4

முடிவு ஒன்று: அக்கா திரும்பிப் போகிறாள். முடிவு இரண்டு: போகவில்லை. இரண்டையும் எழுதிப் பார்த்தேன். இரண்டிலும் அவள்…

அழைப்பு மணி. வாசலில் அத்தான். தோளில், பாசி அப்பிய மீட்டர்.

"கழற்றிட்டு வந்துட்டேன் மச்சான். எங்க மாட்டணும்னு உங்க அக்காகிட்ட கேட்டுச் சொல்லு."

பின்னறையில் மெஷின் சத்தம் நின்றது.

எனக்கு அலுத்துவிட்டது. "நீங்களே போய்க் கேளுங்க அத்தான்" என்று சொல்லி, வழியைவிட்டு ஒதுங்கினேன். பின்னறைக் கதவில் தாழ் போட்டிருக்கவில்லை. அவள் என்ன சொன்னாள் என்று என்னைக் கேட்காதீர்கள். நான் இப்போது நடுவில் இல்லை.